வெள்ளம் வடிந்த பிறகும் வடியாதது: தாமிரபரணிக் கரைக்காரர்கள் கேட்கும் கேள்விகள்

2023 டிசம்பர் 17, ஞாயிற்றுக்கிழமை, மார்கழி ஒன்று. அன்று தொடங்கி மறுநாள் காலைக்குள் காயல்பட்டினத்தில் மட்டும் 95 சென்டிமீட்டர் மழை பதிவானது. அந்தப் பக்கம் வருஷம் முழுக்கப் பெய்வதைவிட அது கூடுதல். குளங்கள் உடைந்தன. தாமிரபரணி கரை மீறியது. நெல்லையில் ஜங்ஷனும் கொக்கிரகுளமும் தண்ணீரில் நின்றன. கிழக்கே ஸ்ரீவைகுண்டமும் ஏரலும் துண்டாகிப்போயின. ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனில் செந்தூர் எக்ஸ்பிரஸ் பயணிகள் சுமார் 800 பேர் சிக்கிக்கொண்டதை நாடே பார்த்தது. அதன்பிறகு சுவருக்குப் பெயின்ட் அடித்தாயிற்று, புது பிரிட்ஜும் வாங்கியாயிற்று. ஆனாலும் வானம் கருத்தால் பல வீடுகளில் பேச்சு நின்றுவிடுகிறது. அந்த வீடுகளிலிருந்து வரும் கேள்விகளும் அவற்றுக்கான பதில்களும் இவை.

மழை வலுத்தாலே தூக்கம் போய்விடுகிறது. இது நோயா?

அதை மட்டும் வைத்து நோய் என்று சொல்ல முடியாது. ராத்திரி தண்ணீர் ஏறியதைப் பார்த்த உடம்பு, அடுத்த மழையில் விழித்துக் காவல் காக்கிறது. "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்" என்று கேலி செய்கிறவர்கள், இங்கே பேய் உண்மையிலேயே ஒருமுறை வீட்டுக்குள் வந்துபோனதை மறந்துவிடுகிறார்கள். 1992 நவம்பர் வெள்ளத்தைப் பார்த்த பெரியவர்களுக்கு 2023 இரண்டாவது முறை.

பயம் மழையோடு வந்து மழையோடு போனால் அதோடு வாழலாம். மழையே இல்லாத சித்திரை மாதத்திலும் அது உங்களை ஆட்டிவைக்கிறது என்றால் அது வேறு சங்கதி.

அந்த "வேறு சங்கதி"யை எப்படிக் கண்டுபிடிப்பது?

நான்கு விஷயங்களைக் கவனியுங்கள். நினைவு தானாக வந்து விழுகிறதா? வேண்டுமென்று நினைக்காமலே அந்தக் காட்சியும் சேற்று வாடையும் "காப்பாத்துங்க" என்ற குரலும் இப்போது நடப்பதுபோல வருகிறதா, கனவில் திரும்பத் திரும்ப வருகிறதா? இரண்டாவது, ஒதுங்குதல்: ஆற்றுப்பக்கம் போவதில்லை, அந்தத் தெரு வழியே நடப்பதில்லை, பேச்சு எடுத்தால் எழுந்து போய்விடுவது. மூன்றாவது, மனசு மரத்துப்போவது அல்லது "என்னாலதான் போச்சு" என்ற குற்ற உணர்ச்சி. நான்காவது, உடம்பு எப்போதும் விறைப்பாக இருப்பது: சட்டென்று கோபம், கதவு அடித்தால் திடுக்கிடல், தூக்கமின்மை.

இந்த நான்கும் சேர்ந்து ஒரு மாதத்துக்கு மேல் நீடித்து, வேலையையோ குடும்பத்தையோ கெடுத்தால் டாக்டரைப் பார்க்கவேண்டும். அதிர்ச்சிக்குப் பிந்தைய மன அழுத்த நோய் (PTSD) என்று டாக்டர்கள் சொல்வது இதைத்தான். முதல் சில வாரங்களில் இதெல்லாம் இருப்பது சகஜம், பெரும்பாலானவர்களுக்குத் தானாகவே தணியும். ஆறு மாதம் ஒன்றுமில்லாமல் இருந்துவிட்டுப் பிறகு தொடங்குவதும் உண்டு. நிவாரணத்துக்கும் வீடு பழுதுபார்க்கவும் அலைந்த காலத்தில் நினைக்கவே நேரமில்லாமல், எல்லாம் முடிந்து உட்கார்ந்த பிறகு வருவது அது. "அப்ப நல்லாத்தானே இருந்தே" என்று யாரும் கேட்கக்கூடாது.

நெஞ்சு படபடக்கும்போது அந்த நிமிஷத்தில் என்ன செய்யவேண்டும்?

முதலில் ஒரு எச்சரிக்கை. நாற்பதைத் தாண்டியவர், சுகர் அல்லது பிரஷர் உள்ளவர், வலி இடது கை, தாடை, முதுகுப் பக்கம் பரவுகிறது, குளிர்ந்து வியர்க்கிறது என்றால் மூச்சுப்பயிற்சியில் நேரத்தைக் கழிக்காமல் 108-ஐக் கூப்பிடுங்கள். பயம்தான் என்று முடிவுகட்டுவது ஈசிஜி பார்த்த பிறகு நடக்கவேண்டிய காரியம்.

பயப் படபடப்புதான் என்று ஏற்கெனவே உறுதியாகியிருந்தால்: உட்காருங்கள். செருப்பைக் கழற்றிவிட்டு இரண்டு பாதத்தையும் தரையில் அழுத்துங்கள். நான்கு எண்ணும்வரை மூக்கால் மூச்சை இழுத்து, ஆறு எண்ணும்வரை வாயால் மெதுவாக விடுங்கள். ஐந்து நிமிஷம் இப்படியே. பலருக்கு இது பலிக்காமல் போவதற்குக் காரணம், பக்கத்தில் இருப்பவர்கள் "நல்லா இழுத்து விடு, நல்லா இழுத்து விடு" என்று அவசரப்படுத்துவது. வேகமாக, பெரிதாக மூச்சு வாங்கினால் ரத்தத்தில் கரியமிலவாயு குறைந்து விரல் மரத்து, தலை சுற்றி, பயம் இரட்டிப்பாகும். இழுப்பதைவிட விடுவது நீளமாக இருப்பதுதான் முக்கியம்.

மூச்சு பிடிபடாவிட்டால் கண்ணுக்கு வேலை கொடுங்கள். கண்ணில் படும் ஐந்து பொருள்களின் பெயரைச் சத்தமாகச் சொல்லுங்கள், தொட முடிந்த நான்கு, காதில் விழும் மூன்று. பிறகு இன்றைய தேதி, கிழமை, நிற்கும் இடம். "இன்னைக்கு செவ்வாய், நான் மாடியில இருக்கேன், தரை காஞ்சிருக்கு." 2023-க்குப் போய்விட்ட மனசை இன்றைக்கு இழுத்து வருவதற்கு இது. ஒன்றுமில்லாத நாட்களில் தினம் ஒருமுறை பழகியிருந்தால்தான் அவசரத்துக்கு வரும்.

மழைக்காலத்தில் அணை நீர்மட்டத்தை நாளுக்கு இருபது தடவை பார்க்கிறேன். நிறுத்த முடியவில்லை.

நெல்லைக்காரர்கள் பேப்பரில் அணை மட்டம் பார்ப்பது புதிதில்லை. பாபநாசம் 143 அடி, சேர்வலாறு 156, மணிமுத்தாறு 118 என்று முழு நீர்மட்டத்தை மனப்பாடமாக வைத்திருக்கும் ஊர் இது. பார்ப்பதில் தப்பில்லை. பார்த்த பிறகும் மனசு அடங்காமல் மறுபடி போனை எடுப்பதுதான் சிக்கல். ஒவ்வொரு தடவை பார்க்கும்போதும் ஐந்து நிமிஷம் நிம்மதி, அந்த நிம்மதிக்காகவே அடுத்த தடவை.

"பயப்படாதே" என்ற புத்திமதி இந்த ஊருக்குப் பொருந்தாது. ஆறு இங்கேதான் இருக்கிறது, மறுபடியும் வரும். அதனால் பயத்துக்கு ஒரு வேலையும் ஒரு நேரமும் ஒதுக்குவது நல்லது.

நேரம்: காலையில் ஒருமுறை, சாயங்காலம் ஒருமுறை. மழை எச்சரிக்கை இருக்கும் நாளில் மட்டும் மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை. வாட்ஸ்அப் குரூப் ஃபார்வர்டுகளை மழைக்காலத்தில் மியூட் செய்யுங்கள். "டேம் ஒடஞ்சிருச்சு" என்ற வதந்தி ஒவ்வொரு மழையிலும் சுற்றும்.

எதைப் பார்ப்பது: வானிலை ஆய்வு மையத்தின் அறிவிப்பும் மாவட்ட நிர்வாகத்தின் அறிவிப்பும் போதும். 24 மணி நேரத்தில் 6.5 சென்டிமீட்டர் அளவில் கனமழை, 11.5-க்கு மேல் மிக கனமழை, 20-க்கு மேல் அதி கனமழை. காயல்பட்டினத்தின் 95-ஐ இதோடு ஒப்பிட்டால், "கனமழை" என்ற சொல்லைக் கேட்டதும் நெஞ்சு அடித்துக்கொள்ளவேண்டியதில்லை என்பது புரியும். இன்னொன்று: 2023-இல் அடித்தது அணைத் தண்ணீர் மட்டுமில்லை. சமவெளியில் பெய்த மழையும் உடைந்த குளங்களும் சேர்ந்துதான். ஆகவே அணை நிரம்பினால் வெள்ளம் என்றோ, அணையில் இடமிருந்தால் ஆபத்தில்லை என்றோ கணக்குப்போடுவது இரண்டுமே தப்பு.

வேலை: ஐப்பசி பிறப்பதற்குள் ஒரு பையைத் தயார்செய்து மச்சில் வையுங்கள். பீரோவின் கீழ்த்தட்டுதான் முதலில் நனைவது. ஆதார், ரேஷன் கார்டு, பேங்க் பாஸ்புக், பத்திரத்தின் நகல், பிள்ளைகளின் மார்க்‌ஷீட், ஒரு வாரத்துக்கான மாத்திரை, டார்ச், பவர் பேங்க், சில்லறையாகக் கொஞ்சம் பணம். எல்லாம் இரட்டை பாலித்தீன் கவரில். பிறகு ஒரு தாளில் எழுதுங்கள்: எந்த அறிவிப்பு வந்தால் கிளம்புவது, யார் வீட்டுக்கு, மெயின் சுவிட்சை யார் அணைப்பது, ஆச்சியை யார் தூக்குவது. தண்ணீர் எந்த இடத்தைத் தொட்டால் கிளம்புவது என்பதையும் (தெருமுனைக் கம்பம், கோயில் படி) குடும்பமாக முடிவுசெய்து எழுதிவிடுங்கள். ராத்திரி மனசு அரிக்கும்போது போனுக்குப் பதில் அந்தத் தாளைப் படியுங்கள். ஆற்றுக்குள்ளேயே இருக்கும் குறுக்குத்துறை முருகன் கோயிலில் வெள்ளம் வரும் என்று தெரிந்தால் உற்சவரைக் கரையிலுள்ள மேலக்கோயிலுக்கு எடுத்துப்போய்விடுவார்கள். யார் எதைத் தூக்குவது என்று அங்கே யாரும் அந்த நேரத்தில் விவாதிப்பதில்லை.

ஆற்றுப் பாலத்தைத் தாண்டவே முடியவில்லை. சுற்றிக்கொண்டு போகிறேன்.

ஒதுங்க ஒதுங்கப் பயம் வளரும். முதலில் பாலம், பிறகு ஜங்ஷன், பிறகு பஸ் என்று வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். திரும்ப விரிப்பதற்குப் படிப்படியாகத்தான் போகவேண்டும். சுலோச்சன முதலியார் பாலம்தான் பிரச்சினை என்று வைத்துக்கொள்வோம். போனில் பாலத்தின் படத்தைப் பார்ப்பது முதல் படி. கூட ஒருவரோடு பஸ்ஸில் தாண்டுவது இரண்டாவது. பகலில், தண்ணீர் குறைவாக ஓடும் மாதத்தில், நடந்து தாண்டுவது மூன்றாவது. நடுப்பாலத்தில் நின்று ஆற்றைப் பார்ப்பது நான்காவது.

ஒவ்வொரு படியிலும் பயத்துக்குப் பத்துக்கு மார்க் போடுங்கள். எட்டில் தொடங்கினால் நான்குக்கு இறங்கும்வரை அங்கேயே இருங்கள். இருபது நிமிஷமோ நாற்பதோ ஆகலாம். பயம் உச்சியில் இருக்கும்போது ஓடிவந்துவிட்டால், "ஓடியதால்தான் பிழைத்தோம்" என்று மனசு பதியவைத்துக்கொள்ளும், அடுத்த தடவை இன்னும் கஷ்டம். ஒரே படியை மூன்று நான்கு நாள் செய்து சலித்த பிறகே அடுத்தது. "ஒரே தடவையா ஆத்துல எறங்கிக் குளி, எல்லாம் சரியாப்போயிரும்" என்று அண்ணாச்சி யாராவது சொன்னால் கேட்காதீர்கள். வெள்ளத்தில் அடித்துச் செல்லப்பட்டவர்களும் கண்ணெதிரே ஆளை இழந்தவர்களும் இதைத் தனியாகச் செய்யவேண்டாம், மனநல ஆலோசகரின் துணையோடு செய்யலாம்.

ஆச்சி அன்றைக்கு நடந்ததையே திரும்பத் திரும்பச் சொல்கிறார். அப்பா வாயே திறப்பதில்லை. யாரைப் பற்றிக் கவலைப்படவேண்டும்?

சொல்கிறவரைச் சொல்லவிடுங்கள். கதை மெல்ல மாறுகிறதா என்று கவனியுங்கள்: முதலில் அழுகை மட்டும், பிறகு யார் படகு கொண்டுவந்தார்கள், யார் வீட்டில் கஞ்சி குடித்தோம் என்ற விவரமும் சேர்ந்தால் ஆச்சி தன் வழியில் ஆறிக்கொண்டிருக்கிறார். மாதக்கணக்கில் ஒரு வரிகூட மாறாமல், அதே இடத்தில் அதே அழுகை என்றால் உதவி தேவை.

பேசாதவரைப் பிடித்துவைத்துப் பேசவைக்கக்கூடாது. பேரிடர் முடிந்த கையோடு எல்லோரையும் உட்காரவைத்து நடந்ததை விவரிக்கச் சொல்வதை உலக சுகாதார நிறுவனமே பரிந்துரைப்பதில்லை. அதனால் சிலருக்கு நிலைமை மோசமாகிறது. அப்பா வேலைக்குப் போகிறார், சாப்பிடுகிறார், தூங்குகிறார் என்றால் பேசாமலிருப்பது அவர் இஷ்டம். "பேசணும்னு தோணுச்சுன்னா சொல்லுங்கப்பா" என்று ஒருமுறை சொன்னால் போதும்.

வீட்டுக்காரர் வெள்ளத்துக்குப் பிறகு தினமும் குடிக்கிறார்.

தூக்கத்துக்காகத் தொடங்கியிருப்பார். மது படுத்ததும் தூக்கத்தைக் கொடுத்து, நடுராத்திரியில் அதைப் பறித்துவிடும், கனவும் மோசமாகும். அதற்காக "இன்னைக்கே விடுங்க" என்று கட்டாயப்படுத்தவும் வேண்டாம். தினமும் அதிகம் குடிப்பவர் சட்டென்று நிறுத்தினால் இரண்டு மூன்று நாளுக்குள் கை நடுக்கம், வலிப்பு, பிதற்றல் வரலாம், உயிருக்கே ஆபத்து. அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் காட்டி, மருந்தின் துணையோடு நிறுத்தவேண்டும்.

மெடிக்கலில் தூக்க மாத்திரை வாங்கிப் போடலாமா?

கூடாது. அல்பிரசோலம், டயாசிபாம் வகை மாத்திரைகள் முதல் ராத்திரி நன்றாக வேலைசெய்யும், சில வாரத்தில் அது இல்லாமல் தூங்க முடியாது. அதிர்ச்சிக்குப் பிந்தைய முதல் மாதத்தில் இவற்றைக் கொடுக்கவேண்டாம் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டுதல். டாக்டர்கள் இந்த அதிர்ச்சி நோய்க்குப் பெரும்பாலும் தருவது செர்ட்ராலின் போன்ற மனச்சோர்வு மருந்து. அது பழக்கமாகாது. ஆனால் பலன் தெரிய இரண்டிலிருந்து ஆறு வாரம் ஆகும், முதல் வாரத்தில் குமட்டலும் வயிற்றுப்போக்கும் வரலாம். "பத்து நாள் போட்டேன், ஒண்ணும் கேக்கலை" என்று நிறுத்துகிறவர்களுக்கு மருந்து வேலைசெய்யத் தொடங்குவதற்குள்ளேயே நிறுத்தியதுதான் காரணம். நன்றாகிவிட்டது என்று சட்டென்று விடுவதும் தப்பு, டாக்டர் சொல்லிக் குறைக்கவேண்டும்.

மாத்திரை இல்லாமல் முயலவேண்டியவை: எந்நேரம் தூங்கினாலும் காலையில் ஒரே நேரத்துக்கு எழுவது, சாயங்காலம் நாலு மணிக்கு மேல் காபி டீ இல்லை, இருபது நிமிஷத்தில் தூக்கம் வராவிட்டால் எழுந்து வேறு இடத்தில் உட்காருவது. ஒரே கனவு திரும்பத் திரும்ப வந்தால், பகலில் அதை எழுதி முடிவை மட்டும் மாற்றுங்கள் (தண்ணீர் படியோடு நிற்கிறது, படகு வந்துவிடுகிறது). மாற்றிய கதையைத் தினம் பத்து நிமிஷம் மனசில் ஓட்டுங்கள். கேட்கச் சிறுபிள்ளைத்தனமாகத் தோன்றும், ஆனால் பலருக்குப் பலன் தருகிறது.

பிள்ளை மறுபடியும் படுக்கையை நனைக்கிறான். மழை என்றால் ஸ்கூல் போக மறுக்கிறான்.

ஐந்தாறு வயசுப் பிள்ளை பழைய பழக்கத்துக்குத் திரும்புவது அதிர்ச்சியின் அடையாளம். அடிக்கவோ மற்றவர் முன்னால் சொல்லவோ வேண்டாம். கப்பல் விட்டு, பொம்மையைக் காப்பாற்றி விளையாடினால் தடுக்காதீர்கள். விளையாட்டில் யாரும் ஒருபோதும் பிழைக்காமல், மாதக்கணக்கில் அதே பயத்தோடு ஓடினால் மட்டும் டாக்டரிடம் சொல்லுங்கள். "இனி வெள்ளமே வராது" என்று சத்தியம் செய்யாதீர்கள். அடுத்த மழையில் உங்கள் வார்த்தைக்கு மதிப்புப் போய்விடும். "வந்தா நாம முன்னாடியே பெரியம்மா வீட்டுக்குப் போயிருவோம், உன் பை இதுல இருக்கு" என்று சொல்லி, பையில் ஒரு பொருளை அவனையே வைக்கச் சொல்லுங்கள். வகுப்பு ஆசிரியரிடமும் ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள்.

சுவரில் தண்ணீர் நின்ற கோடு தெரிகிறது. அழித்துவிடலாமா?

அழிக்குமுன் அளந்துகொள்ளுங்கள். தரையிலிருந்து கோடு எத்தனை அடி என்பதை மீட்டர் பெட்டிக்குள் எழுதிவையுங்கள். பிளக் பாயின்ட்களை அதற்கு ஓரடி மேலே மாற்றுங்கள். கோடு வீட்டில் எல்லோர் கண்ணிலும் படவேண்டும் என்று ஒருவர் நினைப்பார், படவே கூடாது என்று இன்னொருவர். கதவுக்குப் பின்னால் ஒரு விரல் அளவு விட்டு மற்றதை அழிப்பது பல வீடுகளில் ஒத்துப்போகிறது.

ஈரம் காயாமல் பெயின்ட் அடித்தால் அடுத்த மழைக்குள் உப்புப் பூத்து உரிந்துவிடும். ஓரடிக்கு ஓரடி பாலித்தீனை நான்கு பக்கமும் டேப் போட்டுச் சுவரில் ஒட்டுங்கள். ஒரு நாள் கழித்து உள்பக்கம் நீர் கோத்திருந்தால் இன்னும் காயவில்லை. இது மனசுக்கும் சம்பந்தப்பட்டதுதான்: ஈரச்சுவரின் பூஞ்சண வாடை அந்த ராத்திரியை நேராகக் கொண்டுவந்துவிடும். படமும் பேச்சும் போலவே வாடையும் நினைவைக் கிளறிவிடும். காரணம் தெரியாமல் படபடப்பு வருகிறவர்கள் முதலில் பரணையும் கட்டிலுக்கு அடியையும் முகர்ந்து பாருங்கள்.

நனைந்த கல்யாண ஆல்பத்தைத் தூக்கிப்போட மனசு வரவில்லை.

போடவேண்டாம். ஒட்டிக்கொண்ட படங்களைக் காய்ந்த நிலையில் பிரித்தால் முகம் பேப்பரோடு வந்துவிடும். சேறு இருந்தால் சுத்தமான குளிர்ந்த நீரில் மெதுவாக அலசி, படம் மேல்பக்கம் இருக்க, நிழலில் காயவையுங்கள். வெயில் வேண்டாம். கண்ணாடியோடு ஒட்டிய படத்தைப் பிய்க்காமல் கண்ணாடியோடு சேர்த்தே ஸ்கேன் எடுக்கச் சொல்லுங்கள். உடனே நேரமில்லை என்றால் கவரில் போட்டு ஃப்ரீசரில் வைக்கலாம், பூஞ்சணம் பிடிக்காது. பத்திரம் போயிருந்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் கிடைக்கும்.

மந்திரித்துக் கயிறு கட்டலாமா?

கட்டுங்கள். கோயிலோ தர்காவோ சர்ச்சோ, மனசுக்கு ஆறுதல் கிடைத்தால் நல்லதுதான். மருந்தை நிறுத்து என்று சொல்கிறவரிடமும், அடிக்கிறவரிடமும், கட்டிப்போடுகிறவரிடமும் போகாதீர்கள்.

டாக்டரிடம் போனால் பைத்தியம் என்று பேசுவார்களே. எங்கே போவது?

பாளையங்கோட்டை ஹைகிரவுண்டில் உள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. மற்ற நோய்களைப்போலவே ஓபி சீட்டு போட்டுப் போகலாம். தூக்கம், சாப்பாடு, வேலை, குடி, சாகத் தோன்றுகிறதா என்பதையெல்லாம் கேட்பார்கள், மறைக்காமல் சொல்லுங்கள். சாப்பிடும் மற்ற மாத்திரைகளின் சீட்டையும் கொண்டுபோங்கள். 2017 மனநலப் பராமரிப்புச் சட்டப்படி உங்கள் விவரத்தை ரகசியமாக வைத்திருப்பது அவர்கள் கடமை. நேரில் போகத் தயக்கம் என்றால் அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண் 14416. இலவசம், 24 மணி நேரமும் உண்டு, தமிழில் பேசலாம். பிள்ளைகளுக்கான உதவி எண் 1098.

படகில் போய் ஆட்களை மீட்டவர்களுக்கும் இது வருமா?

வரும். தூத்துக்குடிப் பக்கத்து மீனவர்கள், தீயணைப்புத் துறையினர், துப்புரவுப் பணியாளர்கள், வீடு வீடாகப் போன கிராம நிர்வாக அலுவலர்கள் எல்லோருக்கும். காப்பாற்றப்பட்டவர்களின் முகத்தைவிட மீட்க முடியாமல் போனவரின் முகம்தான் மனசில் நிற்கும். "ஹீரோ" என்று சால்வை போடுவதால் அவர்கள் சொல்ல வாய் வராமல் போகிறது. வேலை முடிந்ததும் ஓய்வு, குழுவோடு சாப்பாடு, அடுத்த ஷிப்டுக்குக் கட்டாய இடைவெளி என்பதையெல்லாம் அனுப்புகிறவர்கள் முன்கூட்டியே திட்டத்தில் எழுதவேண்டும்.

பக்கத்து வீட்டுக்காரர் "நானும் அன்னைக்கே போயிருக்கலாம்" என்கிறார். என்ன செய்வது?

நேரடியாகக் கேளுங்கள்: "சாகணும்னு தோணுதா அண்ணாச்சி?" கேட்பதால் எண்ணம் வந்துவிடாது. ஆம் என்றால், எப்படி என்று யோசித்து வைத்திருக்கிறாரா என்றும் கேளுங்கள். வீட்டில் பூச்சிமருந்து, சேர்த்துவைத்த மாத்திரை இருந்தால் அப்புறப்படுத்துங்கள். வயல் வேலை செய்கிற வீடு என்றால் மோட்டார் ரூமையும் பாருங்கள். தனியாக விடாமல் ஒருவர் கூடவே இருக்கட்டும். இன்னொருவர் 14416-க்குப் பேசட்டும், ஏற்கெனவே எதையாவது குடித்துவிட்டார் என்றால் 108. உப்புத்தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்கவைக்காதீர்கள், புரையேறி நுரையீரலுக்குள் போய்விடும். மருந்து டப்பாவைக் கையோடு எடுத்துச் செல்லுங்கள். போலீஸ் கேஸ் ஆகிவிடுமோ என்று வீட்டுக்காரர்கள் தயங்கினால், தற்கொலைக்கு முயன்றவரைக் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகவே 2017 சட்டம் பார்க்கிறது, தண்டிக்கச் சொல்லவில்லை என்று சொல்லி ஆம்புலன்ஸில் ஏற்றுங்கள்.